மௌனப் பகிடிக் குறும்படம்: வேகம், விழுகை, தண்ணி, மாக்களி பற்றி ஆலோசனை தேவை

வடலிக்காடு:

வணக்கம். கிளிநொச்சிப் பக்கம் ஒரு சனசமூக நிலைய ஆண்டு விழாவுக்கு 7 நிமிச மௌனப் படம் ஒண்டு எடுக்கிற ஆயத்தம். கறுப்பு வெள்ளை, வசனமில்லை, இடைக்கிடை எழுத்து அட்டை. விழாவில திறந்த வெளியில வெள்ளைத் துணி கட்டி புரொஜெக்டரில காட்டுறது. கையில இருக்கிறது ரெண்டு போன் (60 ஃபிரேம் வரை எடுக்கும்), ஒரு ஸ்டாண்ட், எடிற் செய்ய ஒரு மடிக்கணினி.

கதை சின்னது: கலியாண வீட்டுக்குப் பந்தல் போட வந்த ரெண்டு பேர். ஒருத்தர் தோளில நீளப் பலகையோட திரும்ப, பின்னால நிக்கிறவருக்கு விழுது அடி. பிறகு தண்ணிக் குழாய்ப் பகிடி, வயல் வரம்பில சறுக்கிச் சேத்துக்குள்ள போறது, சைக்கிளோட வேலிக்குள்ள போறது, பலகாரத் தட்டு முகத்தில. முடிவில லாண்ட்மாஸ்டர் (ரெண்டு சில்லுக் கைபிடி உழவு இயந்திரம்) வந்து பந்தலைச் சாய்க்குது.

கேட்க வேண்டியது: பழைய படங்களில வாற அந்தத் துடிப்பான வேகம் போனில எப்படி வரும்? காயமில்லாமல் விழுறது எப்படி? முகத்தில அப்ப என்ன சாமான் நல்லது? ஒவ்வொரு விழுகைக்கும் குளோசப் வேணுமோ?

பழைய ரீல்:

கடைசிக் கேள்வியில தொடங்குறன், மற்றதெல்லாம் அதில தான் தொங்குது. விழுகையை வெட்டாதேங்கோ. கால் சறுக்க ஒரு குளோசப், முகத்துக்கு ஒண்டு, சேறு தெறிக்க ஒண்டு எண்டு எடுத்தால், பார்க்கிற சனத்துக்கு ஆள் விழுந்திட்டார் எண்ட செய்தி போய்ச் சேரும், சிரிப்பு வராது. தலையில இருந்து கால் வரை, காலடியில என்ன கிடக்கு எண்டதும் சேர்த்து, ஒரே ஷொட்டில தெரிய வேணும். ஆபத்து எங்க இருக்கு எண்டு சனம் முதலே கண்டிருக்க வேணும், மாட்டுப்படப் போறவர் காணக்கூடாது. அவர் அதை நோக்கி நடந்து வாற அந்த 3, 4 செக்கனில தான் சிரிப்பு ஊறும்.

1895 இல லூயி லூமியேர் எடுத்த தோட்டக்காரர் படம் ஒரு நிமிசமும் வராது. பொடியன் குழாயை மிதிக்கிறான், தண்ணி நிக்குது, தோட்டக்காரர் குழாய் வாயை முகத்துக்கு நேரே பிடிச்சுப் பார்க்கிறார், பொடியன் காலை எடுக்கிறான். மிதிக்கிற காலும் பார்க்கிற முகமும் ஒரே சட்டத்துக்குள்ள. பிறகு பொடியன் ஓட, தோட்டக்காரர் கலைச்சுப் பிடிச்சு, கமராவுக்கு முன்னால இழுத்துக்கொண்டு வந்து தான் அடிக்கிறார். கமரா அசையாது, ஆக்கள் தான் அதுக்குள்ள வந்து நடிக்க வேணும். உங்களுக்கும் இது காணும்.

கமராவை 4 அடி உயரத்தில வையுங்கோ. 1x லென்ஸ் எண்டால் ஆளில இருந்து 12 அடி தள்ளி. அகலத்தில ஏறக்குறைய 15 அடி இடம் கிடைக்கும், 8 அடிப் பலகை சுழலப் போதும். 0.5x பக்கம் போகாதேங்கோ, ஓரத்தில நிக்கிறவரின்ர கால் இழுபட்டு நீளும். ரெண்டாவது போன் முகபாவத்துக்கு மட்டும்: ஆள் எழும்பி இருந்து, தன்னைத் தள்ளினவரைப் பார்க்கிற 2 செக்கன்.

இனி வேகம். அந்தக் காலக் கமராவைக் கையால சுத்தினவை. ஒரு சுத்துக்கு 8 ஃபிரேம், செக்கனுக்கு ரெண்டு சுத்து எண்டால் 16. பகிடிக் காட்சிக்கு வேணுமெண்டே மெதுவாச் சுத்துவினம், திரையில அதை விட வேகமாய் ஓட்டுவினம். அது தான் அந்தத் துடிப்பு. போனில அதைச் செய்ய நேரான வழி இது: 60 ஃபிரேமில எடுங்கோ, எடிற் செய்யிற ரைம்லைனை 24 இல வையுங்கோ, கிளிப்பை 1.2 மடங்கு வேகத்துக்கு மாத்துங்கோ. அப்ப சரியா மூண்டுக்கு ஒரு ஃபிரேம் எடுபடும். 20 இல எடுத்து 24 இல ஓட்டின மாதிரி. கலைச்சு ஓடுற காட்சிக்கு 1.6 மடங்கு, நாலுக்கு ஒண்டு, அதாவது 15 இல எடுத்த கணக்கு. இடைப்பட்ட 1.3, 1.4 எல்லாம் ஒழுங்கில்லாமல் ஃபிரேம் தாண்டும், நடை தெத்தும். ஃபிரேம்களைக் கலக்கிற 'பிளெண்டிங்', இடையில இல்லாத ஃபிரேமை உருவாக்கிற 'ஒப்டிக்கல் ஃப்ளோ' எல்லாத்தையும் நிப்பாட்டி விடுங்கோ, இல்லாட்டி கை கால் பேயுருவம் மாதிரி இழுபடும்.

போனில ஃபிரேம் வேகம் தானாக மாறுற அமைப்பு இருந்தால் அதையும் நிப்பாட்ட வேணும். வெளிச்சம் குறைய, சொல்லாமல் கொள்ளாமல் 60 ஐ 30 ஆக்கிப் போடும், மேல சொன்ன கணக்கு முழுக்கப் பிழைச்சுப் போகும். வீட்டுக்குள்ள ரியூப் லைற், எல்இடி வெளிச்சத்தில 60 இல எடுத்தால் கரன்ற் 50 ஹேட்ஸ் எண்டபடியால் படத்தில பட்டை ஓடும். அங்க ஷட்டரைச் செக்கனில 100 இல ஒரு பங்கில பூட்டுங்கோ. வெளியில எடுத்தால் இந்தத் தொல்லை இல்லை.

சேத்துக்கால்:

விழுகையைப் பற்றி.

மல்லாந்து விழேக்க கையைப் பின்னால ஊண்டினால் மணிக்கட்டு போச்சு. எல்லாரும் இயல்பாச் செய்யிறது அது தான், பழக்கித் தான் நிப்பாட்ட வேணும். ஒழுங்கு இப்படி: நாடியை நெஞ்சில ஒட்டு, ஒரு முழங்காலை மடக்கிக் குந்து, அந்தப் பக்கக் குண்டியில இறங்கு, முதுகை வளைச்சு உருளு, உருளேக்க ரெண்டு உள்ளங்கையாலும் உடம்புக்கு அருகில தரையை அடி, மூச்சை வெளியில விடு. முன்னுக்கு விழுறதெண்டால் முழங்கால், தொடை, பிறகு முன்னங்கை முழுக்க. முழங்கை முனையில விழக்கூடாது. தலை ஒரு நேரமும் தரையில படக்கூடாது. ரெண்டு காலும் மேல போய்ப் படீரெண்டு முதுகில விழுறது படத்தில வடிவு தான், பழகாத ஆளுக்கு முள்ளந்தண்டு தாங்காது. அதை எடுக்கவே வேண்டாம்.

பழக: உரப்பையில வைக்கோல் அடைஞ்சு 6 பை, பக்கம் பக்கமாய் அடுக்கி மேல தறப்பாள். ரெண்டு மூண்டு பேர் விழுந்த உடனே வைக்கோல் படிஞ்சு பலகையாகீடும், ஒவ்வொரு முறையும் உதறி விடுங்கோ. வைக்கோல் போரில இருந்து இழுக்கேக்க தடியால தட்டிப் பார்த்து இழுங்கோ, புடையன் பாம்பு படுத்திருக்கும்.

தரையில எடுக்க: 6 அடிக்கு 4 அடி இடத்தை மண்வெட்டியால அரை அடி ஆழத்துக்குக் கொத்தி, கல்லும் வேரும் பொறுக்கி, மேல அரை அங்குலம் மணல் தூவி மட்டமாக்குங்கோ. கமராவுக்குச் சும்மா தரை மாதிரித் தெரியும். விழுறவருக்குத் தொளதொளத்த காற்சட்டை குடுங்கோ, உள்ளுக்க இடுப்பிலயும் முழங்காலிலயும் பஞ்சு மெத்தைத் துண்டு கட்டலாம். சாப்ளினுக்கு இறுக்கின கோட்டும் தொளதொளத்த காற்சட்டையும் வேசத்துக்குத் தான், உங்களுக்கு அது மறைப்பும் ஆகும்.

வரம்புக் காட்சி: சேறு அரை அடிக்குக் குறைஞ்சால் கீழ இருக்கிற கட்டி மண்ணில ஆள் அடிபடும், முழங்காலுக்கு மேல போனால் கால் புதைஞ்சு உடம்பு மட்டும் சாயும், முழங்கால் திருகும். முக்கால் அடி சரி. முதல் நாள் இறங்கிக் காலால உழக்கி, கல்லு, போத்தல் ஓடு, முள்ளுக்கம்பித் துண்டு கிடக்கோ எண்டு பாருங்கோ. காலில கையில காயம் உள்ள ஆளை இறக்காதேங்கோ, எலிக்காய்ச்சல் அப்படித் தான் பிடிக்கும். முதலே பொதுச் சுகாதாரப் பரிசோதகரோட கதைச்சால் தடுப்பு மாத்திரை வேணுமோ எண்டு சொல்லுவார். எடுத்து முடிய உடன சவர்க்காரம் போட்டுக் குளிக்க வேணும். குளத்து வாய்க்கால் வேண்டாம்; தண்ணி திறந்து விட்டால் இழுவை மேல தெரியாது.

ஒரு சேத்து விழுகைக்கு ஒரே மாதிரி ரெண்டு சோடி உடுப்பு. மூண்டாம் ரேக் எடுக்கலாம் எண்டு நினைக்காதேங்கோ, ஈர உடுப்பு வெள்ளை நிறத்தில திரும்ப வராது.

வாழைப்பழத் தோலைப் பற்றி ஆரும் யோசனை சொன்னால் விட்டிடுங்கோ. எங்கட மணல் தரையில அது வழுக்காது, பார்க்கிற சனத்துக்கும் அது தெரியும். சீமெந்துத் தரை எண்டால் பார்க்கலாம்.

எங்க எடுத்தாலும் புழங்கிற வயலும் வளவும் மட்டும். பத்தைக் காட்டுக்குள்ள நல்ல இடம் தெரியுது எண்டு இறங்க வேண்டாம். முகமாலைப் பக்கம் எண்டில்லை, கண்ணிவெடி எச்சரிக்கைச் சிவப்பு மண்டையோட்டுப் பலகை நிண்ட, நிக்கிற இடம் எதுவும் படப்பிடிப்புக்கு இல்லை.

மெதுவா:

பழைய ரீல் அண்ணை சொன்ன கணக்குச் சரி, ஆனால் முழுப் படத்தையும் 1.2 இல ஓட்ட வேண்டாம் எண்டு தான் நான் சொல்லுவன். வேகம் ஓட்டத்துக்கும் அடிபிடிக்கும் பொருந்தும். பொறுமை இழக்கிற முகத்துக்குப் பொருந்தாது. பகிடிச் சோடி லோரலும் ஹார்டியும் 1929 இல நடிச்ச 'பிக் பிஸ்னஸ்' பாருங்கோ. நத்தார் மரம் விக்கப் போன ரெண்டு பேரும் வீட்டுக்காரரும் மாறி மாறி உடைக்கினம். ஒருத்தர் உடைக்கேக்க மற்றவர் தடுக்கிறேல்ல. நிண்டு பார்க்கிறார், யோசிக்கிறார், பிறகு ஆறுதலாய்ப் போய்த் தன்ர முறைக்கு உடைக்கிறார். அந்த நிண்டு பார்க்கிற நேரத்தை வேகமாக்கினால் படமே இல்லை.

வேகமாக்கினால் நிண்ட நேரமும் சுருங்கும் எண்டதையும் மறக்காதேங்கோ. 1.2 இல 3 செக்கன் பார்வை இரண்டரையாகும், 1.6 இல ரெண்டுக்கும் கீழ. ஆகவே வேகமாக்கப் போற ஷொட்டில நடிகர் பார்வையை நீட்டிப் பிடிக்க வேணும். ஒருத்தர் கமராவுக்குப் பக்கத்தில நிண்டு உரத்து எண்ணட்டும், சத்தம் தான் படத்தில வராதே.

சாதாரண வேகத்தில வைக்கப் போற ஷொட்டை 24 இலேயே எடுங்கோ. 60 இல எடுத்து அப்படியே விட்டால் 2, 3, 2, 3 எண்டு தாண்டும்.

வடலிக்காடு:

மெத்தப் பெரிய உதவி. அப்ப ஓட்டமும் அடிபிடியும் 60 இல, மிச்சம் 24 இல. பலகைக்கு மரமே பாவிக்கலாமோ? வயலில மிளகாய்க்கு இறைக்கிற 2 அங்குல மோட்டர் இருக்கு, தண்ணிப் பகிடிக்கு அது வசதி. லாண்ட்மாஸ்டர்க் காட்சி தான் பயமாய்க் கிடக்கு.

உளிச்சத்தம்:

மோட்டரைத் தொடாதேங்கோ தம்பி. அந்தக் குழாயில வாறது முகத்துக்குக் காட்டிற தண்ணி இல்லை, கண்ணை எடுத்திடும். தண்ணித் தாங்கியில இருந்து வாற அரை அங்குலத் தோட்டக் குழாய் எடுங்கோ. 10 மீற்றர் உயரத்துக்கு ஒரு பார் அழுத்தம். உங்கட தாங்கி 15 அடியில நிண்டால் அரைப் பாருக்கும் குறைவு. முகத்துக்கு ஆபத்தில்லை, ஆனால் படத்தில பாய்ச்சல் சோர்ந்து தெரியும். அதுக்குக் குழாய் வாயில ஒடுங்கின மூக்கு ஒண்டு பூட்டுங்கோ. அதை விட முக்கியம் வெளிச்சம்: சூரியன் தண்ணிக்குப் பின்னால, அதுக்கும் பின்னால கடும் பச்சை வேலி இல்லாட்டி நிழல். அப்ப ஒவ்வொரு துளியும் வெள்ளையா மின்னும். வெள்ளை வானத்துக்கு முன்னால பீச்சினால் தண்ணி வந்ததே தெரியாது. காலை 7 இல இருந்து 9 மட்டும், பின்னேரம் 4 க்குப் பிறகு நல்லம்.

மிதிக்கிறது உண்மையா வேலை செய்யாது, செருப்புக் காலுக்குள்ள அரைவாசித் தண்ணி ஒழுகும். சட்டத்துக்கு வெளியில ஒருத்தர் பைப்பைப் பூட்டித் திறக்கட்டும். பைப்பில இருந்து வாய் வரை குழாய் 15 அடிக்குள்ள இருக்க வேணும். நீளமெண்டால் பூட்டின பிறகும் சொட்டும், திறந்தால் சுணங்கும், அந்தச் சுணக்கத்தில பகிடி செத்துப் போகும்.

பலகை: மரம் வேண்டவே வேண்டாம். ரெஜிபோம் (பாரமில்லாத வெள்ளை நுரை அட்டை) ஷீற் 2 அங்குலத் தடிப்பு, 8 அடி நீளம், 8 அங்குல அகலம். நடுவில நீளத்துக்கு ஒரு பள்ளம் வெட்டி மெல்லிய மரச்சட்டம் வைச்சு ஒட்டுங்கோ, இல்லாட்டி நடக்கேக்க வளைஞ்சு ஆடும். ரெண்டு நுனியிலயும் 2 அடிக்குச் சட்டம் போகக்கூடாது, அந்த இடம் தான் ஆக்களில படுறது. ஸ்பிரே பெயின்ற் அடிச்சால் ரெஜிபோம் கரைஞ்சு குழி விழும். பிசினும் பெயின்றும் தண்ணியில கலக்கிற சாதி தான். மண்ணிறம் ஒரு பூச்சு, காய முதல் தும்புத்தடி மயிரால நீளத்துக்கு இழுத்தால் மர வரி விழும்.

இனித் தான் கரைச்சல். ரெஜிபோமைத் தூக்கிற ஆள் ரெஜிபோம் தூக்கிறவர் மாதிரியே நடப்பார். பாரத்தை அவர் உடம்பில காட்ட வேணும்: தூக்க முதல் ரெண்டு காலையும் அகட்டி, முதல் முறை எழும்பாமல், ரெண்டாம் முறை முழங்காலால எழும்பி, தோள் ஒரு பக்கம் சரிஞ்சு, நடை குறுகி. திரும்பேக்க முதல்ல இடுப்புத் திரும்பும், பலகை பிந்தித் திரும்பும், நிக்க நினைச்சாலும் உடன நிக்காது, கொஞ்சம் கூடப் போய்த் தான் நிக்கும். உண்மைப் பலகையைக் காலமை நாலு நடை தூக்கி நடந்திட்டு அதே நடையைப் பின்னேரம் ரெஜிபோமில செய்யச் சொல்லுங்கோ, உடம்பு ஞாபகம் வைச்சிருக்கும்.

அடி: நுனி முகத்துக்கு ஒரு அடி முன்னால போனால் காணும். கமரா, நுனி, முகம் மூண்டும் ஒரே கோட்டில நிண்டால் இடைவெளி தெரியாது. 24 அடி பின்னால போய் 2x இல எடுத்தால் இன்னும் ஒட்டும். அடிபடுறவர் பலகை கடக்கிற அந்தக் கணத்தில தலையைத் திருப்ப வேணும், முந்தினால் எல்லாம் வெளிச்சிடும். குனிஞ்சு தப்புறது ஒருக்கா, ரெண்டாம் முறையும் தப்புறது, பிறகு நிமிர்ந்து சிரிக்கேக்க மற்றப் பக்கத்து நுனி. ஒழுங்கு அது தான்.

மாக்களி: 1 சுண்டு கோதுமை மாவுக்கு 4 சுண்டு தண்ணி. மாவை முதல்ல கொஞ்சப் பச்சைத் தண்ணியில கரைச்சு வடிச்சு, மிச்சத் தண்ணி கொதிக்கேக்க ஊத்திக் கிண்டுங்கோ. நல்லா ஆற வேணும். மேல ஆறியிருக்கும், நடுவில சுடும், விரல் விட்டுப் பாருங்கோ. அரிசி மா பாவிச்சால் குறுணி கண்ணை உரசும், ஷேவிங் நுரை கண்ணை எரிக்கும். கடதாசித் தட்டில ஒரு அங்குல உயரத்துக்குப் பரப்பி, எறியாமல் கையால கொண்டு போய் அப்புங்கோ. விரல் பின்னுக்கு மடிஞ்சு, உள்ளங்கை மட்டும் தட்டுக்குப் பின்னால. மூக்கில அமத்தாமல் நெத்தியில இருந்து கீழ இழுக்க வேணும். வாங்கிறவர் கண்ணையும் வாயையும் மூடி, மூச்சை மூக்கால வெளியில விட்டபடி நிக்கட்டும். அவருக்குப் பின்னால இருட்டான பின்னணி இல்லாட்டி வெள்ளைக் களி வெள்ளைச் சுவரோட போயிடும்.

ஆரும் சீனவெடி ஒண்டு சேர்ப்பம் எண்டு வெளிக்கிட்டால்: 1919 இல மௌனப் பட நடிகர் ஹரோல்ட் லொயிட் படம் பிடிக்க எண்டு கையில வைச்சிருந்த போலிக் குண்டு உண்மையா வெடிச்சு வலக்கைப் பெருவிரலும் சுட்டுவிரலும் போனது. மிச்சப் படமெல்லாம் கையுறை போட்டுத் தான் நடிச்சவர்.

பழைய ரீல்:

லாண்ட்மாஸ்டருக்கு. மௌனப் பட நடிகர் பஸ்டர் கீற்றனின்ர 'வன் வீக்' (1920) முடிவில வீடு தண்டவாளத்தில இறுகி நிக்கும், ரயில் வரும், புருசனும் பெண்சாதியும் கண்ணைப் பொத்துவினம், ரயில் பக்கத்துத் தண்டவாளத்தால போயிடும். அப்பாடா எண்டு மூச்சு விடேக்க மற்றப் பக்கத்தால வேற ரயில் வந்து வீட்டை நொருக்கும். இந்த அடுக்கை எடுத்துக்கொள்ளுங்கோ: முதல்ல லாண்ட்மாஸ்டர் ஆளின்ர மூக்குக்கு முன்னால வந்து நிக்கும், எல்லாரும் மூச்சு விடுவினம், பந்தல் மற்றப் பக்கத்தால சாயும். உண்மைத் தண்டவாளத்தில ஏறி எடுக்கிற ஆசை வந்தால் அடக்குங்கோ, அது குற்றம், யாழ்தேவி ரயில் பகிடி விடாது.

மூக்கு ஷொட்டைப் பின்னோக்கி எடுங்கோ. இயந்திரம் ஆளுக்கு 2 அடி முன்னால நிப்பாட்டி, ரிவேர்ஸில 30 அடி பின்னால போகட்டும். எடிற்றில தலைகீழாக்கினால் வந்து நிக்கும். காட்டிக் குடுக்கிறது தூசி தான், சில்லுக்குள்ள திரும்பிப் போகும். ஆகவே பாதைக்குத் தண்ணி தெளிச்சு நனையுங்கோ. புகைக்குழாய் கமராவுக்கு மறைவில இருக்கட்டும், பின்னணியில நடக்கிற ஆள், நாய், கோழி எதுவும் வேண்டாம். முன்னால நிக்கிறவர் நடிப்பையும் மாத்த வேணும்: முதல்ல உறைஞ்சு நிண்டு, இயந்திரம் விலக விலக ஆறுதலாகி, கடைசியில ஒண்டும் தெரியாதவர் மாதிரி. ரிவேர்ஸில கைபிடி எகிறும், நல்லா ஓடித் தெரிஞ்சவரை மட்டும் பிடிக்க விடுங்கோ. ரெண்டாவது, பந்தல் சாயிற ஷொட்டில இயந்திரம் பந்தலைத் தொடவே வேண்டாம். கம்புகளை நடாமல், மணல் நிரப்பின பெயின்ற் வாளிகளில நிப்பாட்டி, எல்லாத்தையும் ஒரு கயித்தில கோத்து, சட்டத்துக்கு வெளியில இருந்து ரெண்டு பேர் இழுங்கோ. இயந்திரம் பத்து அடிக்கு முன்னமே நிக்கட்டும், நேர் முன்னால இருந்து எடுத்தால் தூரம் தெரியாது. உள்ள நிக்கிறவருக்கு மேல காய்ஞ்ச கிடுகு மட்டும், குறுக்குத் தடி ஒண்டும் வரக்கூடாது.

சைக்கிளுக்கு விழுகையே வேண்டாம். ஆள் வேலிக்குப் பின்னால மறையிறார், ஒண்டரைச் செக்கன் ஒண்டுமில்லை, பிறகு ஒரு சில்லு தனிய உருண்டு வெளியில வந்து சாயுது. உருட்டிறவர் குனிஞ்சு நிக்கட்டும். சில்லு நேரே போக, ரியூப்புக்கு நல்லாக் காத்தடிச்சிருக்க வேணும்.

மெதுவா:

எழுத்து அட்டை 7 நிமிசத்துக்கு 6, 7 போதும். ஒண்டில 8 சொல்லுக்கு மேல போகாமல், வாய் விட்டு ரெண்டு தரம் வாசிக்கிற நேரம் நிக்கட்டும். திறந்த வெளித் துணியில மெல்லிய கோட்டு எழுத்து கரைஞ்சு போகும். தடித்த எழுத்து, உயரம் சட்டத்தில 12 இல ஒரு பங்கு. சில எடிற் மென்பொருளில கொம்பும் காலும் எழுத்தை விட்டு ஓடும், 'கொண்டு', 'போச்சு' எண்டு அடிச்சுப் பாருங்கோ. குழம்பினால் வேற இடத்தில படமாச் செய்து கொண்டு வந்து போடுங்கோ. பகிடி விழ முதல் அட்டையில அதைச் சொல்லிப் போடாதேங்கோ, 'ஐயோ, பலகை!' எண்டு எழுதினால் பலகைக்கு வேலை இல்லை.

கறுப்பு வெள்ளைக்கு மாத்தேக்க, அந்தக் கால ஃபிலிம் மாதிரி வர வேணும் எண்டு சிவப்பை முழுக்க எடுக்கச் சொல்லுவினம். அப்படிச் செய்தால் எங்கட முகமெல்லாம் கரியாகி மூக்கு வாய் தெரியாது. சாதாரண கறுப்பு வெள்ளையே விடுங்கோ, முகத்துக்கு ஒரு வெள்ளை வேட்டியைப் பிடிச்சு வெளிச்சம் திருப்பினால் காணும்.

சத்தத்துக்குச் சினிமாப் பாட்டுப் போட்டால் பிறகு இணையத்தில ஏத்தேக்க உரிமைப் பிரச்சினை வரும். ஊரில கூத்துக்கு மத்தளம் அடிக்கிறவர் ஆரும் இருந்தால் துணிக்குப் பக்கத்தில இருத்தி, படத்தைப் பார்த்தே அடிக்கச் சொல்லுங்கோ. விழ முதல் அடிக்க விட வேண்டாம். உடம்பு தரையில பட்ட பிறகு அடி விழுந்தால் தான் சனம் சிரிக்கும். மூண்டு முறை முழுப் படத்தையும் அவருக்குப் போட்டுக் காட்டினால் போதும், அதுக்கு மேல காட்டினால் எல்லாத்துக்கும் முன்கூட்டியே அடிக்கத் தொடங்கீடுவார்.